20 மாடு கறந்த பையன், ஆக்ஸிடோசினைச் செய்த விஞ்ஞானி: பசிக்கும் எடைக்கும் இந்த ஹார்மோனுக்கும் என்ன தொடர்பு?

சித்தூர் மாவட்டத்தில் நகரியைத் தாண்டி விஜயபுரம் பக்கம் போனால், ஆந்திரா என்று போர்டு சொன்னாலும் காதில் விழுவதில் பாதி தமிழ்தான். விடியற்காலையில் மாட்டுக் கொட்டகையில் நடப்பது இரண்டு மொழிக்கும் பொது. முதலில் கன்னுக்குட்டியை அவிழ்த்து விடுவார்கள். அது மடியை முட்டி முட்டிச் சப்பும். ஒரு நிமிஷம் போனதும் மடி விம்மி, காம்பில் பால் இறங்கும். மாடு சுரந்துவிட்டது. கன்னை இழுத்துக் கட்டிவிட்டுச் செம்போடு உட்கார வேண்டியதுதான்.

அந்த ஒரு நிமிஷத்தில் மாட்டின் மூளையிலிருந்து ரத்தத்தில் இறங்குகிற பொருள்தான் ஆக்ஸிடோசின். பிரசவ வார்டில் வலி வரவைக்கப் போடும் ஊசியும் இதே பொருள். கன்று இல்லாத எருமையைக் கறக்கச் சிலர் திருட்டுத்தனமாகப் போடும் ஊசியும் இதேதான். இப்போது இன்ஸ்டாகிராமில் லவ் ஹார்மோன் என்ற பெயரில் ஓடிக்கொண்டிருக்கிறது. மூக்கில் ஸ்பிரே அடித்தால் பசி குறையும், எடை இறங்கும் என்று ரீல்ஸ் சொல்கிறது.

இதில் எது உண்மை? இந்த ஹார்மோனை முதன்முதலில் லேபில் செய்து காட்டிய மனிதரின் வாழ்க்கையிலிருந்து தொடங்கினால் பாதி பதில் அங்கேயே கிடைக்கும். அவர் பெயர் வின்சென்ட் டு வினியோ.

விவசாயி ஆகியிருக்க வேண்டியவர்

1901 மே 18 அன்று அமெரிக்காவின் சிகாகோவில் பிறந்தவர். அப்பா இயந்திரங்களை வடிவமைப்பவர். ஸ்கூல் படிக்கும்போது நண்பர்கள் வீட்டிலேயே ஒரு சின்ன லேப் வைத்திருந்தார்கள். அதில் இந்தப் பையன் செய்து பார்த்தது கந்தகம் கலந்த வெடிமருந்து! அந்தக் கந்தகம் கடைசி வரை அவரை விடவில்லை.

முதல் உலகப் போர் நேரம். பண்ணைகளில் ஆள் பற்றாக்குறை. கடைசி வருஷ மாணவர்கள் விரும்பினால் பண்ணை வேலைக்குப் போகலாம் என்றார்கள். டு வினியோ போனார். ஒரு நாளைக்கு சுமார் 20 மாடுகளைக் கையாலேயே கறக்கப் பழகினார். ஊரில் ஒரு மாடு கறந்து பார்த்தவர்களுக்குத் தெரியும், முன்கை எப்படி வலிக்கும் என்று. அவருக்கோ அந்த வேலை பிடித்துப்போய்விட்டது, விவசாயி ஆகிவிடலாம் என்று முடிவே கட்டிவிட்டார். அவருடைய அக்கா பீட்ரிஸ்தான் பேசி மனதை மாற்றி, இல்லினாய் பல்கலைக்கழகத்தில் கெமிஸ்ட்ரி பக்கம் அனுப்பினார்.

காசு கம்மி. சர்வர் வேலை உட்படக் கிடைத்ததைச் செய்து படித்தார். படிப்பு முடிகிற நேரத்தில் உலகமே பேசிக்கொண்டிருந்தது இன்சுலின் பற்றி. 1922-ல்தான் அது முதன்முறையாக நோயாளிக்குப் போடப்பட்டிருந்தது. அதைப் பற்றிக் கேட்ட ஒரு வகுப்பு அவரைப் பிடித்துக்கொண்டது. 1924-ல் ஜெல்லா ஃபோர்டைத் திருமணம் செய்துகொண்டார். 1927-ல் ராசெஸ்டர் பல்கலைக்கழகத்தில் டாக்டர் பட்டம் வாங்கினார். ஆராய்ச்சித் தலைப்பு, இன்சுலினில் இருக்கும் கந்தகம்.

கந்தகத்தைப் பின்தொடர்ந்தவர்

இங்கே ஒரு சின்னக் கிளைக்கதை. ஃபுல் பாடி செக்-அப் ரிப்போர்ட்டில் ஹோமோசிஸ்டீன் என்று ஒரு வரி பார்த்திருப்பீர்கள். 1932-ல் அதைக் கண்டுபிடித்தது டு வினியோவும் அவருடைய லேப் சகாவும்தான். முடி கொட்டுகிறது என்று வாங்கிச் சாப்பிடும் பயோடின் மாத்திரை? அந்த மூலக்கூறின் வடிவத்தை 1942-ல் தெளிவாகச் சொன்னதும் இவருடைய குழுதான். 1946-ல் பெனிசிலினைக் கொஞ்சம் அளவில் செயற்கையாகச் செய்தும் காட்டினார்கள். இவை எல்லாவற்றிலும் கந்தகம் உண்டு. ஆள் ஒரே நூலைப் பிடித்துக்கொண்டு போய்க்கொண்டே இருந்திருக்கிறார்.

அந்த நூலின் இன்னொரு முனையில் இருந்தது பிட்யூட்டரி சுரப்பி. மூளைக்கு அடியில் தொங்கும் பட்டாணி அளவு உறுப்பு. அதன் பின்பகுதிச் சாற்றைச் செலுத்தினால் கர்ப்பப்பை சுருங்குகிறது என்று லண்டனில் ஹென்றி டேல் 1906-ல் எழுதியிருந்தார். 1910-ல் ஓட், ஸ்காட் என்ற இருவர் அதே சாற்றை ஆட்டுக்குப் போட்டபோது பால் பீறிட்டது. ஆனால் சாற்றுக்குள் வேலை செய்யும் பொருள் எது, ஒன்றா பலதா? யாருக்கும் தெரியவில்லை.

டு வினியோ 1932-ல் வாஷிங்டனில் இதைக் கையில் எடுத்தார். 1938-ல் நியூயார்க்கின் கார்னெல் மருத்துவக் கல்லூரிக்கு மாறியபோதும் கூடவே கொண்டுபோனார். கச்சாப் பொருள் கசாப்புக் கூடங்களிலிருந்து வந்த மாடு, பன்றிகளின் பிட்யூட்டரி. நடுவில் இரண்டாம் உலகப் போர் வந்து வேலையை நிறுத்தியது. பிறகு மறுபடியும் சுத்திகரிப்பு, மறுபடியும் அளவெடுப்பு. தொடங்கி 20 வருஷத்துக்கு மேல் ஆகிவிட்டது.

1953-ல் விடை கிடைத்தது. ஆக்ஸிடோசின் என்பது வெறும் 9 அமினோ அமிலங்கள் கோத்த ஒரு குட்டிச் சங்கிலி. அதில் ஆறு, இரண்டு கந்தக அணுக்கள் கைகோத்ததால் மோதிரம் மாதிரி வளைந்திருக்கும். மீதி மூன்று வால். அதே வருஷம் அந்தச் சங்கிலியை ஒவ்வொரு கண்ணியாகக் கோத்து லேபிலேயே செய்தும் விட்டார்கள். புரத வகை ஹார்மோன் ஒன்றை மனிதர் செயற்கையாகச் செய்தது அதுவே முதல் முறை.

செய்தது சரியான பொருள்தானா? நியூயார்க்கில் பிரசவமான தாய்மார்களுக்கு நரம்பு வழியாகச் சுமார் 1 மைக்ரோகிராம் கொடுத்துப் பார்த்தார்கள். 1 கிராமில் பத்து லட்சத்தில் ஒரு பங்கு அது. 20, 30 வினாடியில் பால் இறங்கியது. சுரப்பியிலிருந்து எடுத்ததும் லேபில் செய்ததும் ஒரே மாதிரி வேலை செய்தன. சின்ன வயதில் மடியைப் பிடித்து இழுத்துக்கொண்டிருந்தவருக்கு அந்த நிமிஷம் எப்படி இருந்திருக்கும் என்று நினைத்துப் பார்க்கலாம். 1955-ல் வேதியியல் நோபல் பரிசு அவருக்கு வந்தது.

வயிறு நிறைந்ததை மூளைக்கு யார் சொல்வது?

டு வினியோ காலத்தில் ஆக்ஸிடோசினுக்கு இரண்டே வேலை: பிரசவம், பால். பசி பற்றிய பேச்சே இல்லை. அது சூடுபிடித்தது 1980-களின் கடைசியில். எலிகளின் மூளைக்குள் ஆக்ஸிடோசினைச் செலுத்தினால் அவை குறைவாகத் தின்றன.

ஏன்? ஆக்ஸிடோசின் தயாராவது ஹைப்போதலாமஸ் என்ற மூளைப் பகுதியில். அங்கிருந்து ஒரு பங்கு பிட்யூட்டரிக்குப் போய் ரத்தத்தில் கலக்கிறது. இன்னொரு பங்கு ரத்தத்துக்கே வருவதில்லை, நரம்பு இழைகள் வழியாக மூளைக்குள்ளேயே வேறு இடங்களுக்குப் போகிறது. அதில் ஒரு இடம் மூளைத் தண்டு. சாப்பிடச் சாப்பிட வயிறு விரிவதையும், குடல் வெளியிடும் சிக்னல்களையும் வாங்கிக்கொள்ளும் ரிசப்ஷன் அதுதான். போதும் என்ற சிக்னலின் ஒலியைக் கூட்டி வைக்கிறது ஆக்ஸிடோசின். இன்னொரு இடம், ருசிக்கு ஏங்கும் பகுதி. அங்கே ஒலியைக் குறைக்கிறது.

எடை விஷயம் இன்னும் சுவாரசியம். ஆக்ஸிடோசின் செய்ய முடியாத எலிகளையும், அதன் ரிசப்டர் இல்லாத எலிகளையும் வளர்த்துப் பார்த்தார்கள். வயதாக ஆக அவை குண்டாகின. ஆனால் அதிகமாகத் தின்னவில்லை! அதாவது இந்த ஹார்மோன் பசியை மட்டும் தொடவில்லை, உடல் எரிசக்தியை எப்படிச் செலவழிக்கிறது என்பதிலும் கை வைக்கிறது.

மனிதர்களில் ஒரு தடயம் பிராடர்-வில்லி என்ற அரிய மரபணுக் கோளாறு. இந்தக் குழந்தைகளுக்கு எவ்வளவு சாப்பிட்டாலும் பசி அடங்காது. வீட்டில் ஃபிரிட்ஜைப் பூட்டி வைக்கிற நிலைமை. பேராசை என்று திட்டு வாங்கும் இந்தப் பிள்ளைகளின் மூளையில் நிஜமாகவே ஒன்று குறைகிறது. இறந்துபோன 5 பேரின் மூளையை 1995-ல் நெதர்லாந்தில் ஆராய்ந்தபோது, ஆக்ஸிடோசின் செய்யும் நரம்பு செல்கள் சுமார் 42% குறைவாக இருந்தன.

அப்படியானால் ஸ்பிரே வேலை செய்யுமா?

இங்கேதான் ரீல்ஸ் அவசரப்படுகிறது. 2013-ல் ஜெர்மனியில் 20 ஆரோக்கியமான ஆண்களுக்கு மூக்கு ஸ்பிரே கொடுத்தார்கள். நல்ல பசியில் சாப்பிட்டபோது ஒரு வித்தியாசமும் இல்லை. வயிறு நிறைந்த பிறகு நொறுக்குத்தீனி வைத்தபோது சாக்லேட் பிஸ்கட் குறைந்தது. ஆபீஸில் 4 மணி டீயோடு கை தானாக பிஸ்கட் பாக்கெட்டுக்குப் போவது ஞாபகம் வருகிறதா? அந்த வகைத் தீனி. 2015-ல் அமெரிக்காவில் 25 ஆண்கள் காலை உணவில் சராசரியாக 122 கலோரி குறைவாகச் சாப்பிட்டார்கள். கிட்டத்தட்ட 2 இட்லி.

இதுவரை நல்ல செய்தி. ஆனால் ஒரு வேளை குறைவாகச் சாப்பிடுவது வேறு, எடை இறங்குவது வேறு. 2024-ல் உடல் பருமன் உள்ள 61 பேருக்கு, ஒரு நாளைக்கு 4 முறை வீதம் 8 வாரம் ஸ்பிரே அல்லது டம்மி கொடுத்துப் பார்த்தார்கள். எடையில் டம்மியை விட எந்த லாபமும் தெரியவில்லை. ஆன்லைனில் இந்தப் பெயரில் பாட்டில் பார்த்தால் இந்த 61 பேரை நினைத்துக்கொண்டு கார்ட்டை மூடிவிடலாம் என்பது என் கருத்து.

மாத்திரையாக ஏன் வருவதில்லை என்பதற்கு டு வினியோ கண்ட சங்கிலியே பதில். 9 கண்ணி அமினோ அமிலத்தை நம் குடல், பருப்புப் புரதத்தை வெட்டுவது போலத் துண்டு துண்டாக வெட்டிவிடும். ரத்தத்தில் நேராகப் போட்டாலும் சில நிமிஷத்தில் பாதி காலி. ஊசி போட்ட மாட்டுப் பாலைக் குடித்துப் பிள்ளைகள் குண்டாகிறார்கள், சீக்கிரம் வயதுக்கு வருகிறார்கள் என்ற வாட்ஸ்அப் பயமும் இதே இடத்தில்தான் அடிபடுகிறது.

அதனால் அந்த ஊசி சரி என்று அர்த்தம் இல்லை. அது மாட்டுக்குச் செய்யும் கொடுமை. பால் அதிகம் வர வேண்டி ஊசி போடுவதை 1960-ம் வருஷ விலங்குவதைத் தடுப்புச் சட்டமே குற்றம் என்கிறது. இதைக் காரணம் காட்டி 2018 ஏப்ரலில் மத்திய அரசு தனியார் கம்பெனிகள் ஆக்ஸிடோசின் தயாரித்து உள்நாட்டில் விற்பதற்குத் தடை போட்டது, பெங்களூருவில் இருக்கும் ஒரு அரசு நிறுவனம் மட்டும் செய்யலாம் என்றது. டாக்டர்கள் பதறினார்கள். பிரசவத்துக்குப் பிறகு ரத்தப்போக்கை நிறுத்த இந்த ஊசி இல்லாவிட்டால் தாயின் உயிர் போகும். அந்த டிசம்பரிலேயே டெல்லி ஹைகோர்ட் தடையை ரத்து செய்தது. வழக்கு சுப்ரீம் கோர்ட் வரை போனது.

கடைசி வருடங்கள்

நோபலுக்குப் பிறகு டு வினியோ ஓய்வெடுக்கவில்லை. சங்கிலியில் ஒரு கண்ணியைக் கழற்றி வேறொன்றை மாட்டினால் என்ன ஆகும் என்று அவருடைய லேப் ஒவ்வொன்றாகச் செய்து பார்த்தது. 1967-ல் நியூயார்க் நகரை விட்டு இதாகாவில் உள்ள கார்னெலின் வேதியியல் துறைக்குப் போய் அங்கும் அதையே தொடர்ந்தார். 1974-ல் வந்த பக்கவாதம் அவரை நிறுத்தியது. 1977-ல் ஜெல்லா போனார். அடுத்த வருஷம் டிசம்பர் 11 அன்று அவரும். வயது 77.

கண்ணியை மாற்றிப் பார்க்கும் அந்த வேலை இன்னும் ஓடிக்கொண்டிருக்கிறது. ரத்தத்தில் கூடுதல் நேரம் தாங்கும்படி மாற்றிய கார்பிடோசின் என்ற மருந்து பிரசவத்துக்குப் பிந்தைய ரத்தப்போக்கைத் தடுக்க ஏற்கெனவே பயன்பாட்டில் இருக்கிறது. அதையே மூக்கு ஸ்பிரேயாக்கி, பிராடர்-வில்லி பிள்ளைகளின் அடங்காத பசிக்குக் கொடுத்துப் பார்த்தார்கள். 2025-ல் வந்த பெரிய சோதனையின் முடிவில் டம்மி ஸ்பிரேயை அது தாண்டவில்லை.