எடுவார்ட் திஸ்ஸே: போர்முனையில் பயின்ற கண்

திரைப்பட வரலாறு கற்றோரில் ஐசன்ஸ்டைனை அறியாதார் இலர். அவருடைய கற்பனைக்கு ஒளியும் நிழலும் கொண்டு உருவம் தந்த எடுவார்ட் திஸ்ஸேயை அறிந்தோர் சிலரே. இரண்டு உலகப் போர்கள், ஒரு புரட்சி, ஓர் உள்நாட்டுப் போர், ஸ்டாலின் ஆட்சியின் கெடுபிடி ஆகிய அனைத்தினூடும் ஒளிப்பதிவையே தம் வாழ்வாகக் கொண்டவர் அவர்.

1897ஆம் ஆண்டு, அன்றைய ருஷ்யப் பேரரசுக்கு உட்பட்டிருந்த லிபாவ் என்னும் பால்டிக் துறைமுக நகரில் திஸ்ஸே பிறந்தார். அந்நகர் இன்று லாட்வியாவில் உள்ளது. முதல் உலகப் போரின்போது செய்திப்பட ஒளிப்பதிவாளராகப் போர்முனைக்குச் சென்றார். 1917ஆம் ஆண்டுப் புரட்சிக்குப் பின் மாஸ்கோ திரைப்படக் குழுவில் சேர்ந்து உள்நாட்டுப் போரைப் படமெடுத்தார். மக்களிடையே அரசியல் பரப்புரை செய்யச் சென்ற தொடர்வண்டிகளிலும் பயணம் செய்தார். 1921இல் வோல்கா பகுதியைப் பஞ்சம் வாட்டியபோது, பசியைப் பற்றிய படமொன்றுக்கு ஒளிப்பதிவு செய்தார்.

போர்முனையில் ஒரு காட்சியை மறுமுறை நடிக்கச் சொல்ல இயலாது. கிடைக்கும் ஒளியில், கிடைக்கும் கணத்தில் எடுத்தாக வேண்டும். இப்பயிற்சியே அவரது கலைக்கு அடித்தளமாயிற்று.

1924இல் ‘வேலைநிறுத்தம்’ படப்பிடிப்பில் ஐசன்ஸ்டைனும் திஸ்ஸேயும் இணைந்தனர். அடுத்த ஆண்டு ‘போர்க்கப்பல் பொட்டம்கின்’ உருவாயிற்று. ஒடெஸ்ஸா துறைமுகத்தை ஒருநாள் மூடுபனி சூழ்ந்தது. படமெடுக்க உகந்த நாளன்று எனப் பிறர் ஓய்ந்திருக்க, இவர்கள் சிறு படகொன்றில் புறப்பட்டு அப்பனியையே பதிவு செய்தனர். மாண்ட மாலுமிக்காக நகரம் துயருறும் பகுதிக்கு அக்காட்சிகளே உயிரூட்டின. படிக்கட்டுப் படுகொலைக் காட்சிக்கோ கருவியைத் தள்ளுவண்டியில் ஏற்றிப் படிகளையொட்டி நகர்த்தினர்.

புரட்சியின் பத்தாம் ஆண்டு நிறைவுக்காக எடுக்கப்பெற்ற ‘அக்டோபர்’ 1928இல் வெளிவந்தது. டிராட்ஸ்கி வீழ்ச்சியுற்றதால் அவர் தோன்றும் பகுதிகள் வெட்டி நீக்கப்பட்டன. மாறாக, குளிர்கால அரண்மனையைத் தாக்குவதாக நடித்து எடுத்த காட்சிகள், பிற்காலத்தில் உண்மை நிகழ்வின் பதிவுகளாகவே பலரால் கொள்ளப்பட்டன. மெய்யான போரைப் படமெடுத்தவரின் கண் புனைவுக்கும் மெய்யின் தோற்றத்தைத் தந்துவிட்டது. அத்திறனின் பெருமையும் ஆபத்தும் அதுவே.

1929இல் ஐசன்ஸ்டைன், அலெக்சாண்ட்ரோவ் ஆகியோருடன் மேலைநாடு சென்றார். 1930இன் இறுதியில் மூவரும் மெக்சிகோவை அடைந்தனர். எழுத்தாளர் அப்டன் சிங்க்ளேர் திரட்டிய பொருளுதவியால் நடந்த அப்படப்பிடிப்பு 1932இல் இடைநின்றது. எடுத்த சுருள்கள் பிறர் கைக்குச் சென்று வேறு படங்களாயின. 1979இல் அலெக்சாண்ட்ரோவ் அவற்றைத் தொகுத்து வெளியிட்டபோது திஸ்ஸே உயிருடன் இல்லை.

தாயகம் திரும்பியபின் எடுத்த ‘பெஷின் புல்வெளி’ 1937இல் தடை செய்யப்பட்டது. அதன் சுருள்கள் போர்க்காலக் குண்டுவீச்சில் அழிந்ததாகக் கூறுவர். காட்சிகளிலிருந்து வெட்டிச் சேமித்த தனிப் படங்களே எஞ்சின. 1938இல் வந்த ‘அலெக்சாண்டர் நெவ்ஸ்கி’யில் உறைந்த ஏரியின் மேல் நிகழும் போரைக் கொளுத்தும் கோடையில், செயற்கைப் பனிக்கட்டி பரப்பி எடுத்தனர். ஜெர்மன் படையெடுப்பைச் சாடிய அப்படம், 1939ஆம் ஆண்டு உடன்படிக்கையால் திரையரங்குகளிலிருந்து விலக்கப்பட்டு, 1941இல் ஹிட்லரின் படை புகுந்ததும் மீண்டும் காட்டப்பட்டது. படத்தில் ஒரு சட்டமும் மாறவில்லை. மாறியது அரசின் தேவையே.

போரினால் படப்பிடிப்பு நிலையங்கள் கசாக்ஸ்தானின் அல்மா-அத்தாவுக்குப் பெயர்ந்தன. அங்கு உருவான ‘கொடுங்கோலன் இவான்’ படத்தில் வெளிப்புறக் காட்சிகள் திஸ்ஸேயிடமும், உட்புறக் காட்சிகள் ஆந்திரேய் மாஸ்க்வினிடமும் ஒப்படைக்கப்பட்டன. இருபதாண்டுக் கூட்டுப்பணி இவ்வாறு பங்கிடப்பட்டது. முதற்பாகம் ஸ்டாலின் பரிசு பெற்றது. இரண்டாம் பாகம் 1946இல் தடையுற்று 1958இல்தான் வெளிவந்தது.

ஐசன்ஸ்டைன் 1948இல் மறைந்தார். திஸ்ஸே பணியைத் தொடர்ந்தார். 1956இல் பிரெஸ்ட் கோட்டையைக் காத்து நின்ற வீரர்களைப் பற்றிய ‘அழியாத காவற்படை’யை அக்ரனென்கோவுடன் சேர்ந்து இயக்கினார். 1961 நவம்பரில் மாஸ்கோவில் காலமானார்.

எதை எடுக்க வேண்டும், எதைக் காட்டலாகாது என்பவற்றை ஆட்சியாளரும் பொருள் தந்தோரும் முடிவு செய்தனர். வெட்டியும் மறைத்தும் போக எஞ்சியவற்றிலேயே ஒரு தலைமுறைக்கு ஒளிப்பதிவின் இலக்கணம் கிட்டியது. எடுத்தவை யாவும் எஞ்சியிருந்தால் என்னவாகியிருக்கும் என்னும் எண்ணமே அவர் வாழ்வைக் கற்போர் நெஞ்சில் நிற்கும் துயரம்.