வ. உ. சிதம்பரம்பிள்ளை

வ. உ. சி. எனச் சுருக்கமாக அழைக்கப்படும் வ. உ. சிதம்பரம்பிள்ளை (செப்டம்பர் 5, 1872 - நவம்பர் 18, 1936) இந்திய விடுதலைப் போராட்ட வீரர், வழக்கறிஞர், தமிழறிஞர், தொழிற்சங்கத் தலைவர். பிரித்தானிய நிறுவனம் ஒன்றின் ஏகபோகத்தில் இருந்த தூத்துக்குடி - கொழும்பு கடல்வழியில் 1906-ஆம் ஆண்டு சுதேசி நாவாய்ச் சங்கம் என்னும் கப்பல் நிறுவனத்தைத் தோற்றுவித்தவர். இதனால் கப்பலோட்டிய தமிழர் என்றும், சிறையில் செக்கிழுக்க வைக்கப்பட்டதால் செக்கிழுத்த செம்மல் என்றும் போற்றப்படுகிறார். அவருக்கு விதிக்கப்பட்ட தண்டனை வணிகச் சட்டத்தையோ துறைமுகச் சட்டத்தையோ மீறியதற்காக அன்று; மேடையில் பேசியதற்காக அரசு நிந்தனைச் சட்டத்தின்கீழ் விதிக்கப்பட்டதாகும். எனினும் அத்தண்டனையே கப்பல் நிறுவனத்தின் முடிவுக்கும் முக்கியக் காரணமாயிற்று.

பிறப்பும் கல்வியும்

வ. உ. சி. அன்றைய திருநெல்வேலி மாவட்டத்தைச் சேர்ந்த (இன்று தூத்துக்குடி மாவட்டம்) ஒட்டப்பிடாரத்தில் உலகநாத பிள்ளை - பரமாயி அம்மாள் இணையரின் மகனாகப் பிறந்தார். தந்தை வழக்கறிஞர். வீரப்பெருமாள் அண்ணாவியிடம் தமிழ் பயின்றார். தூத்துக்குடியிலும் திருநெல்வேலியிலும் பள்ளிக் கல்வி கற்றபின் சிறிது காலம் தாலுகா அலுவலகத்தில் எழுத்தராகப் பணியாற்றினார். பின்னர் திருச்சிராப்பள்ளியில் சட்டம் பயின்று, 1894-இல் வழக்கறிஞர் தேர்வில் வெற்றி பெற்றார்.

வழக்கறிஞர் பணி

1895 முதல் ஒட்டப்பிடாரத்தில் வழக்கறிஞராகத் தொழில் புரிந்தார். அவரது முதல் மனைவி வள்ளியம்மை இளவயதிலேயே காலமானார். பின்னர் மீனாட்சி அம்மாளை மணந்தார். 1900-ஆம் ஆண்டில் தூத்துக்குடிக்குக் குடிபெயர்ந்தது அவர் வாழ்வில் திருப்பமாக அமைந்தது. துறைமுக நகரில் வணிகர்கள், தொழிலாளர்கள், கொழும்பு சென்றுவரும் பயணிகள் ஆகியோருடன் நெருங்கிப் பழகும் வாய்ப்பு அவருக்குக் கிடைத்தது.

1905-இல் வங்கப் பிரிவினையைத் தொடர்ந்து சுதேசி இயக்கம் நாடெங்கும் பரவியது. பால கங்காதர திலகரின் வழியை ஏற்றுக்கொண்ட வ. உ. சி., தூத்துக்குடியில் சுதேசிப் பண்டகசாலை, தருமசங்க நெசவுசாலை முதலிய அமைப்புகளைத் தொடங்குவதில் ஈடுபட்டார்.

பின்னணி

சோழமண்டலக் கடற்கரைக்கு நீண்ட கடல் வணிக வரலாறு உண்டு. செங்கல்பட்டுப் பகுதியிலுள்ள மாமல்லபுரம் பல்லவர் காலத்தில் துறைமுகமாக விளங்கியது. அதன் தெற்கே உள்ள சதுரங்கப்பட்டினத்தில் பிற்காலத்தில் ஒல்லாந்தர் கோட்டை கட்டி வணிகம் செய்தனர். நீராவிக் கப்பல்களின் காலம் வந்தபோது இக்கடற்கரையின் பழைய துறைகள் பல முதன்மையை இழந்திருந்தன. கடல் போக்குவரத்தும் பெரும்பாலும் பிரித்தானிய நிறுவனங்களின் கைக்குச் சென்றிருந்தது.

தூத்துக்குடிக்கும் கொழும்புக்கும் இடையே பிரித்தானிய இந்திய நீராவிக் கப்பல் நிறுவனம் கப்பல்களை இயக்கிவந்தது. அதன் தூத்துக்குடி முகவர் ஆர்வி நிறுவனத்தார். தூத்துக்குடியிலிருந்த கோரல் நூற்பாலையை நடத்தியவர்களும் இவர்களே. ஆகவே கப்பலில் தொடங்கிய போட்டி பின்னர் ஆலை வாயிலையும் எட்டியதில் வியப்பில்லை.

சுதேசி நாவாய்ச் சங்கம்

உள்ளூர் வணிகர்களின் ஆதரவுடன் வ. உ. சி. தொடங்கிய நிறுவனம் அக்டோபர் 16, 1906 அன்று முறைப்படி பதிவு செய்யப்பட்டது. இதன் மூலதனம் 10 இலட்சம் ரூபாய். பங்கு ஒன்றுக்கு 25 ரூபாய் வீதம் 40,000 பங்குகளாக இது பிரிக்கப்பட்டது. மதுரைத் தமிழ்ச் சங்கத்தை நிறுவிய பாண்டித்துரைத் தேவர் நிறுவனத்தின் தலைவராக இருந்தார், வ. உ. சி. உதவிச் செயலாளராகப் பொறுப்பேற்றார். ஹாஜி முகமது பக்கீர் சேட் என்னும் வணிகர் 2 இலட்சம் ரூபாய் கொடுத்து 8,000 பங்குகளை வாங்கினார். பங்குகள் இந்தியா, இலங்கை உள்ளிட்ட ஆசிய நாட்டினருக்கு மட்டுமே விற்கப்பட்டன. சுப்பிரமணிய பாரதியார் தாம் ஆசிரியராக இருந்த இந்தியா இதழில் இம்முயற்சியை ஆதரித்து எழுதினார்.

நிறுவனத்துக்குத் தொடக்கத்தில் சொந்தக் கப்பல் இல்லை. பம்பாயிலிருந்த நிறுவனம் ஒன்றிடமிருந்து கப்பல்களை வாடகைக்கு அமர்த்தியது. பிரித்தானிய நிறுவனத்தின் நெருக்குதலால் அவ்வொப்பந்தம் முறிந்தது. உடனே கொழும்பிலிருந்து வேறொரு கப்பல் வாடகைக்குப் பெறப்பட்டது. வாடகைக் கப்பலை நம்பித் தொழில் நடத்த இயலாது என்பதை உணர்ந்த வ. உ. சி., சொந்தக் கப்பல் வாங்கப் பம்பாய்க்குச் சென்றார். கப்பலுடன் திரும்பி வரும் உறுதியுடன் அவர் புறப்பட்டார்.

1907-ஆம் ஆண்டு மே மாதம் காலியா என்னும் கப்பல் தூத்துக்குடி வந்து சேர்ந்தது. சிறிது காலத்தில் பிரான்சு நாட்டில் வாங்கப்பட்ட லாவோ என்னும் கப்பலும் வந்தது. காலியாவில் முதல் வகுப்பில் 42 பேரும், இரண்டாம் வகுப்பில் 24 பேரும், சாதாரண வகுப்பில் 1,300 பேரும் பயணம் செய்ய இடமிருந்தது. 4,000 மூட்டைகள் சரக்கும் ஏற்றலாம்.

கட்டணப் போட்டி

சுதேசிக் கப்பல்களுக்கு மக்களும் வணிகர்களும் பேராதரவு அளித்தனர். வருவாய் குறைந்த பிரித்தானிய நிறுவனம் பயணக் கட்டணத்தை ஒரு ரூபாயாகக் குறைத்தது. சுதேசி நிறுவனம் அதை எட்டணாவாக்கியது. இதையடுத்து பிரித்தானிய நிறுவனம் கட்டணமின்றிப் பயணிகளை ஏற்றவும், அவர்களுக்கு ஒரு குடையை இலவசமாக வழங்கவும் முன்வந்தது. அப்போதும் பலர் காசு கொடுத்துச் சுதேசிக் கப்பலிலேயே சென்றனர்.

எனினும் இத்தகைய போட்டி இரு தரப்பையும் ஒரே அளவில் பாதிக்கவில்லை. பல கடல்வழிகளில் கப்பல் ஓட்டிய பிரித்தானிய நிறுவனத்தால் ஒரு வழியில் ஏற்படும் இழப்பைப் பிற வழிகளின் வருவாயால் ஈடுகட்ட முடிந்தது. சுதேசி நிறுவனத்துக்கோ இந்த ஒரு வழியைத் தவிர வேறில்லை. அரசு அலுவலர்களும் நடுநிலையுடன் நடந்துகொள்ளவில்லை. மருத்துவச் சோதனை, சுங்கச் சோதனை ஆகியவற்றின் பெயரால் சுதேசிக் கப்பலின் பயணிகளும் சரக்குகளும் தொல்லைக்கு உள்ளாயினர். தூத்துக்குடியில் அக்காலத்தில் ஆழ்கடல் துறைமுகம் இல்லாததால் கப்பல்கள் கரைக்குச் சில மைல் தொலைவில் நங்கூரமிட்டு நின்றன. பயணிகளும் சரக்கும் படகுகளில் சென்றே ஏற வேண்டும். இந்நிலையில் கரையில் நேரும் சிறு தாமதமும் கப்பலின் புறப்பாட்டைப் பாதித்தது.

கோரல் ஆலை வேலைநிறுத்தம்

வ. உ. சி. கப்பல் தொழிலுடன் நின்றுவிடவில்லை. 1907 டிசம்பரில் நடைபெற்ற சூரத் காங்கிரசு மாநாட்டில் பாரதியார் முதலியோருடன் கலந்துகொண்டு திலகர் அணியை ஆதரித்தார். 1908-ஆம் ஆண்டு தொடக்கத்தில் சுப்பிரமணிய சிவாவுடன் இணைந்து தூத்துக்குடிக் கடற்கரையில் தொடர்ந்து சொற்பொழிவுகள் ஆற்றினார். கூலி உயர்வு, வார விடுமுறை முதலிய கோரிக்கைகளுடன் கோரல் ஆலைத் தொழிலாளர்கள் பிப்ரவரி 27, 1908 அன்று வேலைநிறுத்தம் தொடங்கினர். வ. உ. சி. அவர்களுக்கு உணவுக்கும் வேறு வேலைக்கும் ஏற்பாடு செய்ய முயன்றார். மார்ச் முதல் வாரத்தில் நிர்வாகம் இணங்கியது. கூலி உயர்வும் ஞாயிறு விடுமுறையும் கிடைத்தன. தென்னிந்தியத் தொழிலாளர் இயக்க வரலாற்றில் இது ஒரு முன்னோடி வெற்றியாகும்.

வ. உ. சி.யின் அரசியல் ஈடுபாடு நிறுவனத்தின் நலனுக்குக் கேடு விளைவிக்கும் என்று இயக்குநர்கள் சிலர் கருதினர். ஆனால் அவர் வணிகத்தையும் அரசியலையும் தனித்தனியாகக் காணவில்லை.

கைதும் வழக்கும்

வங்கத் தலைவர் விபின் சந்திர பாலர் மார்ச் 9, 1908 அன்று சிறையிலிருந்து விடுதலையானார். அதைக் கொண்டாட அரசு விதித்த தடையை மீறிக் கூட்டங்கள் நடந்தன. மார்ச் 12 அன்று வ. உ. சி.யும் சிவாவும் கைது செய்யப்பட்டனர். மறுநாள் திருநெல்வேலியில் கடைகள் அடைக்கப்பட்டன. அரசு அலுவலகங்கள் தாக்கப்பட்டன. காவல்துறையின் துப்பாக்கிச் சூட்டில் நால்வர் உயிரிழந்தனர். தூத்துக்குடியில் தொழிலாளர்கள் வேலைநிறுத்தம் செய்தனர்.

வழக்கை நீதிபதி பின்ஹே விசாரித்தார். ஜூலை 7, 1908 அன்று தீர்ப்பு வழங்கப்பட்டது. அரசு நிந்தனைக்கு 20 ஆண்டுகளும், சிவாவுக்கு உடந்தையாக இருந்ததற்கு 20 ஆண்டுகளுமாக இரண்டு ஆயுள் தண்டனைகள் வ. உ. சி.க்கு விதிக்கப்பட்டன. சிவாவுக்குப் பத்தாண்டுத் தண்டனை அளிக்கப்பட்டது. சென்னை உயர் நீதிமன்றம் அதே ஆண்டில் மேல்முறையீட்டின்மீது வ. உ. சி.யின் தண்டனையை ஆறாண்டுகளாகக் குறைத்தது. அவர் நாடு கடத்தப்படாமல் உள்நாட்டுச் சிறைகளிலேயே கடுங்காவலில் வைக்கப்பட்டார்.

சிறைவாழ்வு

1908 ஜூலை முதல் 1910 டிசம்பர் வரை கோயம்புத்தூர்ச் சிறையிலும், பின்னர் கண்ணனூர்ச் சிறையிலும் இருந்தார். கோயம்புத்தூரில் மாடு இழுக்க வேண்டிய செக்கை இழுக்க வைக்கப்பட்டார். கடின உழைப்பாலும் சிறை உணவாலும் அவரது உடல்நலம் குன்றியது. இந்நிலையிலும் அவர் எழுத்துப் பணியைக் கைவிடவில்லை. ஜேம்ஸ் ஆலனின் நூலொன்றைத் தமிழாக்கி 1909-இல் மனம்போல வாழ்வு என வெளியிட்டார். கண்ணனூரில் உடன் இருந்த கைதிகளுக்காக மெய்யறம் என்னும் அறநூலை இயற்றினார்.

நிறுவனத்தின் முடிவு

வ. உ. சி. சிறை சென்றபின் நிறுவனத்தை முன்னின்று நடத்தத் தக்க ஆள் இல்லை. கட்டணப் போட்டியால் ஏற்பட்ட இழப்பும், அரசின் பகைமைக்கு அஞ்சிய பங்குதாரர்களின் தயக்கமும் நிலைமையை மோசமாக்கின. கப்பல்கள் விற்கப்பட்டன. 1911-இல் நிறுவனம் கலைக்கப்பட்டது. தம் நிறுவனம் மறைந்தபோது அதைத் தோற்றுவித்தவர் சிறையில் இருந்தார். அதே ஆண்டு ஜூன் 17 அன்று, சுதேசி இயக்கத்தை ஒடுக்குவதில் பங்காற்றிய ஆஷ் துரையை மணியாச்சி தொடர்வண்டி நிலையத்தில் வாஞ்சிநாதன் சுட்டுக் கொன்றார்.

விடுதலைக்குப் பின்

டிசம்பர் 24, 1912 அன்று வ. உ. சி. விடுதலையானார். 1908-இல் அவருக்காகக் கடைகளையும் ஆலைகளையும் அடைத்த மக்கள் கூட்டம் சிறை வாயிலில் இல்லை. முன்னரே விடுதலையாகியிருந்த சிவா சிறையில் தொழுநோய்க்கு ஆளாகியிருந்தார். தண்டனை பெற்றவர் என்பதால் வ. உ. சி.யின் வழக்கறிஞர் உரிமம் பறிக்கப்பட்டிருந்தது. சென்னையில் குடியேறி மளிகைக் கடை முதலிய சிறு தொழில்கள் செய்தார்; அவை போதிய வருவாய் தரவில்லை.

தென்னாப்பிரிக்க இந்தியர்கள் அவருக்கு உதவுவதற்காகத் திரட்டிய தொகை காந்தியடிகளிடம் இருந்தது. 1915-இல் தொடங்கிய கடிதப் போக்குவரத்துக்குப் பின் 1916-இல் 347 ரூபாய் 12 அணா வ. உ. சி.க்குக் கிடைத்தது. பத்து இலட்சம் ரூபாய் மூலதனத்தில் நிறுவனம் தொடங்கியவர் பத்தே ஆண்டுகளில் இத்தொகையை எதிர்நோக்கும் நிலையில் இருந்தார்.

சென்னையில் திரு. வி. க. முதலியோருடன் தொழிற்சங்கப் பணியில் ஈடுபட்டார். 1920-இல் ஒத்துழையாமைத் திட்டத்தில் உடன்பாடின்றிக் காங்கிரசிலிருந்து விலகினார். 1927-இல் மீண்டும் இணைந்து சேலம் மாநாட்டுக்குத் தலைமை ஏற்றாலும் நெடுங்காலம் நீடிக்கவில்லை. நீதிபதி வாலேசின் உதவியால் வழக்கறிஞர் உரிமம் திரும்பக் கிடைத்தது. அந்நன்றியால் தம் மகனுக்கு வாலேசுவரன் எனப் பெயரிட்டார். கோவில்பட்டியில் தொழில் புரிந்தபின் 1932-இல் தூத்துக்குடிக்குத் திரும்பினார்.

மறைவு

இறுதிக் காலத்தில் எழுதிய உயிலில் கடைகளுக்குத் தாம் தர வேண்டிய சிறு கடன்களையும் வ. உ. சி. குறிப்பிட்டுள்ளார். நவம்பர் 18, 1936 அன்று, அவரது விருப்பப்படி, தூத்துக்குடி காங்கிரசு அலுவலகத்தில் காலமானார்.

நூல்கள்

இயற்றியவை: மெய்யறம், மெய்யறிவு, பாடல் திரட்டு, சுயசரிதை (செய்யுள் வடிவில் அமைந்தது)

மொழிபெயர்ப்புகள் (ஜேம்ஸ் ஆலன்): மனம்போல வாழ்வு, அகமே புறம், வலிமைக்கு மார்க்கம், சாந்திக்கு மார்க்கம்

பதிப்பும் உரையும்: தொல்காப்பியம் இளம்பூரணர் உரைப் பதிப்பு, இன்னிலை, சிவஞானபோத உரை, திருக்குறள் அறத்துப்பால் உரை

நினைவுச் சின்னங்கள்

ம. பொ. சிவஞானம் எழுதிய வரலாற்று நூல் கப்பலோட்டிய தமிழன் என்னும் பெயரை நிலைபெறச் செய்தது. அப்பெயரிலேயே பி. ஆர். பந்துலு இயக்கிய திரைப்படம் 1961-இல் வெளிவந்தது, வ. உ. சி.யாகச் சிவாஜி கணேசன் நடித்தார். வ. உ. சி.யின் நூற்றாண்டான 1972-இல் இந்திய அரசு அஞ்சல்தலை வெளியிட்டது. அவர் இழுத்த செக்கு சென்னை கிண்டி காந்தி மண்டப வளாகத்தில் காட்சிக்கு வைக்கப்பட்டுள்ளது. அவர் கப்பல் ஓட்டிய தூத்துக்குடித் துறைமுகத்துக்கு 2011-ஆம் ஆண்டு வ. உ. சிதம்பரனார் துறைமுகம் எனப் பெயர் மாற்றப்பட்டது.