பொம்மைகளுக்கு ஓர் இல்லம்

விருத்தாசலத்துப் பீங்கான் பொம்மைகளை வேப்பூர்ச் சிறுவர் நன்கறிவர். கை தவறினால் அவை நொடிப்பொழுதில் உடைந்துவிடும். இவ்வாறு எளிதில் அழியக்கூடிய விளையாட்டுப் பொருள்களை உலகெங்கணுமிருந்து திரட்டி, அவற்றுக்கு நிலையானதோர் இல்லம் அமைத்தவர் கேலிச்சித்திர மேதை சங்கர் ஆவார்.

கேசவ சங்கர பிள்ளை என்னும் முழுப்பெயருடைய இவர், கேரளத்துக் காயங்குளத்தில் 1902-ஆம் ஆண்டு பிறந்தார். பள்ளிப் பருவத்தில், வகுப்பில் உறங்கிய ஆசிரியரை அவ்வண்ணமே வரைந்து, தலைமையாசிரியரின் சினத்துக்கு ஆளானார். ஆயினும், உறவினர் ஒருவர் அப்படத்திலே பொதிந்திருந்த திறமையைக் கண்டு ஊக்கினார். சட்டம் பயிலப் பம்பாய் சென்ற சங்கர், அங்கு நாளிதழ்களுக்குக் கேலிச்சித்திரம் வரையலானார். 1932-இல் தில்லியில் இந்துஸ்தான் டைம்ஸ் இதழிற் சேர்ந்தார். 1948-இல் சங்கர்ஸ் வீக்லி என்னும் வார இதழைத் தாமே தொடங்கினார். ஆட்சிப் பொறுப்பிலிருந்தோரின் குறைகளை அவருடைய தூரிகை அஞ்சாது எடுத்துக் காட்டியது. அதற்குப் பன்முறை இலக்கான தலைமை அமைச்சர் நேருவோ, அவரிடம் நட்பே பாராட்டினார்.

பெரியோரை எள்ளி நகையாடிய அவர், சிறுவரிடம் எல்லையற்ற அன்பு பூண்டிருந்தார். அவர்களுக்காக 1949-இல் போட்டியொன்றைத் தொடங்கினார். அது பின்னர் உலகச் சிறுவர் அனைவர்க்கும் உரியதாயிற்று. அப்போட்டியிற் பரிசளிப்பதற்கென ஹங்கேரி நாட்டுத் தூதர் ஒரு பொம்மையை வழங்கினார். அதன் அழகு சங்கரின் உள்ளத்தைக் கவர்ந்தது. அதுமுதல் அவர் தாம் சென்ற நாடுகளிலெல்லாம் பொம்மைகளைத் தேடி வாங்கலானார். அவை ஏறத்தாழ 500 ஆகப் பெருகின.

அவற்றை அவர் பூட்டி வைத்தாரல்லர். சிறுவர் தீட்டிய ஓவியங்களோடு ஊர்தோறும் கொண்டுசென்று காட்சிக்கு வைத்தார். ஆனால், கட்டுவதிலும் அவிழ்ப்பதிலும் பல பொம்மைகள் உடைந்தன. காட்டினால் உடையும், காட்டாவிடிற் பயனில்லை. இவ்விடர்ப்பாட்டை அறிந்த இந்திரா காந்தி, நிலையான காட்சியகம் அமைக்குமாறு கூறினார். 1957-இல் சங்கர் நிறுவியிருந்த குழந்தைகள் புத்தக அறக்கட்டளையின் தில்லிக் கட்டடத்தில் அக்காட்சியகம் உருவாயிற்று. 1965-ஆம் ஆண்டு நவம்பர்த் திங்கள் 30-ஆம் நாள் குடியரசுத் தலைவர் இராதாகிருஷ்ணன் அதனைத் திறந்து வைத்தார்.

அங்கேயே ஒரு பட்டறையும் அமைந்தது. நம் நாட்டுப் பல மாநில உடைகளை அணிந்த பொம்மைகள் அதிற் செய்யப்பட்டு, அயல்நாட்டுப் பொம்மைகளுக்கு மாற்றாக அனுப்பப்பட்டன. நாளடைவில் ஏறத்தாழ 85 நாடுகளைச் சேர்ந்த 6,000-க்கு மேற்பட்ட பொம்மைகள் அங்குச் சேர்ந்தன. ஜப்பானியரின் கபுகி நாடகப் பொம்மைகளும் அவற்றுள் அடங்கும். ஒவ்வொரு பொம்மையும் தன் நாட்டு மக்களின் உடையையும் கலையையும் சொல்லாமற் சொல்லும்.

சங்கர் 1989-ஆம் ஆண்டு மறைந்தார். தம் வீட்டுப் பேழையில் வைத்திருந்தால், அப்பொம்மைகள் அவர் ஒருவர் கண்ணுக்கே விருந்தாகியிருக்கும். பொதுவில் வைத்தமையால், அவர் முகமறியாத சிறுவர்க்கும் அவை விருந்தாயின.