மனநோய் ஆஸ்பத்திரியில் பிறந்த கதை
சாதத் ஹசன் மண்ட்டோவின் வாழ்க்கை

மும்பையில் பைகுல்லா, நாக்பாடா பக்கம் போய் வருகிற தமிழர்கள் பலர். அங்கே கிளேர் ரோட்டில் அடெல்பி சேம்பர்ஸ் என்ற கட்டிடத்தில் 1940-களில் ஓர் உருது எழுத்தாளர் குடியிருந்தார். மெலிந்த உடம்பு, பெரிய மூக்குக் கண்ணாடி, வெள்ளைக் குர்தா. சினிமா கம்பெனிகளுக்குக் கதை-வசனம் எழுதிப் பிழைத்தார். நாட்டுப் பிரிவினை அவரை லாகூருக்கு விரட்டியது. மது அவரை மனநோய் ஆஸ்பத்திரிக்கு அனுப்பியது. பைத்தியக்காரர்களைப் பற்றி இந்தியத் துணைக்கண்டத்தில் எழுதப்பட்ட கதைகளில் தலைசிறந்ததை எழுதியவர் அவர். பெயர் சாதத் ஹசன் மண்ட்டோ.

1912-ம் ஆண்டு மே 11-ந் தேதி பஞ்சாபில் லூதியானா மாவட்டம் சம்ராலாவை அடுத்த கிராமத்தில் மண்ட்டோ பிறந்தார். காஷ்மீரில் இருந்து வந்து குடியேறிய குடும்பம். தந்தை நீதித்துறையில் வேலை பார்த்தவர், மிகவும் கண்டிப்பானவர். படிப்பு அமிர்தசரசில். ஜாலியன் வாலாபாக் படுகொலை நடந்தபோது மண்ட்டோவுக்கு 7 வயது கூட நிரம்பவில்லை. பிற்காலத்தில் அவர் எழுதிய முதல் கதை, அந்த நாட்களை ஒரு சிறுவனின் கண் வழியாகப் பார்த்த கதைதான். மெட்ரிக் பரீட்சையில் உருதுப் பாடத்தில் தோற்றவர் என்பதை இப்போது நினைத்தால் சிரிப்பு வருகிறது. அப்துல் பாரி என்ற பத்திரிகையாளர்தான் அவரைப் படிக்க வைத்து, விக்டர் ஹியூகோவின் நூல் ஒன்றை உருதுவில் மொழிபெயர்க்கச் செய்தார். அலிகார் பல்கலைக்கழகத்தில் சேர்ந்தார்; காசநோய் என்ற சந்தேகத்தால் அந்தப் படிப்பு பாதியில் நின்றது.

பம்பாய் வாழ்க்கை

1936-ல் பம்பாய்க்கு வந்தார். சினிமா வார இதழ் ஒன்றின் ஆசிரியர் வேலை. 1939-ல் சபியாவை மணந்தார். 1941-ல் டெல்லி அகில இந்திய வானொலியில் வேலை கிடைத்தது. அங்கிருந்த ஒன்றரை ஆண்டில் நூற்றுக்கும் மேற்பட்ட வானொலி நாடகங்களை எழுதித் தள்ளினார். அந்த டெல்லியில்தான் அவருடைய ஒரே மகன் ஒரு வயது நிரம்பும் முன்பே இறந்து போனான். அந்தத் துக்கத்தில் இருந்து அவர் முழுவதும் மீளவில்லை. முன்பே இருந்த குடிப்பழக்கம் அதன் பிறகு அதிகமாயிற்று.

1942-ல் பம்பாய் திரும்பி பிலிமிஸ்தான் கம்பெனியில் சேர்ந்தார். நடிகர்கள் அசோக் குமார், ஷியாம் இருவரும் நெருங்கிய நண்பர்கள். 1946-ல் 'ஆட் தின்' (எட்டு நாள்) படத்துக்குக் கதை எழுதினார். அதில் போரினால் மனம் பேதலித்த விமானப்படை அதிகாரி ஒருவர் வருகிறார். நடிக்க வேண்டியவர் கேமராவைக் கண்டு பின்வாங்கியதால் வேடம் மண்ட்டோவின் தலையில் விழுந்தது. அவரும் நடித்து முடித்தார். அந்தக் காலத்து சினிமாவில் பைத்தியம் என்றால் கிழிந்த சட்டை, பரட்டைத் தலை, கொட்டகை நிறைய சிரிப்பு. அதற்குப் பிறகு எத்தனையோ ஆண்டுகளுக்கு நம் ஊர்ப் படங்களும் அதைத்தான் செய்தன.

லாகூருக்குப் பயணம்

1947-ல் நாடு பிரிந்தது. குடும்பம் முன்பே லாகூர் போய்விட்டது. மண்ட்டோ பம்பாயில் தங்கினார். அப்போது அவர் வேலை பார்த்த பம்பாய் டாக்கீசுக்கு, முஸ்லிம்களை வேலைக்கு வைத்திருப்பதைக் கண்டித்து மிரட்டல் கடிதங்கள் வந்தன. தன்னால் அசோக் குமாருக்குக் கெடுதல் வருமோ என்ற பயம் அவரை அரித்தது. ஒருநாள், பஞ்சாபில் இருந்து ஓடி வந்த அகதிகளின் கதையைக் கேட்டு ஷியாமே கொதித்துப் போனார். அந்த நேரத்தில் தன்னைக்கூடக் கொன்றிருக்க முடியும் என்று உயிர் நண்பனே ஒப்புக்கொண்டதை மண்ட்டோவால் தாங்க முடியவில்லை. 1948 ஜனவரியில் கப்பல் ஏறிக் கராச்சி வழியாக லாகூர் போய்ச் சேர்ந்தார்.

போன இடத்தில் மூன்று மாதம் அவர் மனம் ஒரு நிலையில் இல்லை. இருப்பது பம்பாயிலா, கராச்சியில் நண்பர் வீட்டிலா, லாகூரிலா என்றே பிடிபடாமல் தவித்ததாகப் பின்னால் அவரே எழுதி இருக்கிறார். இந்தியாவையும் பாகிஸ்தானையும் தனித்தனியாகப் பிரித்து நினைக்க அவரால் முடியவில்லை. இந்தக் குழப்பத்தை நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும்.

பிறகு எழுதத் தொடங்கினார். கலவரத்தில் சீரழிக்கப்பட்ட ஒரு பெண்ணின் மனமும் உடலும் எப்படி மரத்துப் போயின என்பதை 'கோல் தோ' கதையில் காட்டினார். டாக்டர் ஜன்னலைத் திறக்கச் சொல்கிறார். நினைவில்லாமல் கிடக்கும் பெண்ணின் கைகள் அந்த ஒரு சொல்லுக்கு எப்படிப் பணிகின்றன என்பதில் கதை முடிகிறது. பெரும் அதிர்ச்சியால் வரும் மனக் காயம் பற்றி இன்று மருத்துவர்கள் புத்தகம் புத்தகமாக எழுதுகிறார்கள். 1948-ல் அதை இரண்டு மூன்று பக்கத்தில் சொல்லிவிட்டார். அதை வெளியிட்ட பத்திரிகைக்கு ஆறு மாதம் தடை. அடுத்து 'தண்டா கோஷ்த்' கதைக்கு ஆபாச வழக்கு. கீழ்க் கோர்ட்டு 3 மாதக் கடுங்காவலும் 300 ரூபாய் அபராதமும் விதித்தது. அப்பீலில் விடுதலை ஆனார். ஐகோர்ட்டு மறுபடி அபராதம் போட்டது. பிரிவினைக்கு முன்னும் பின்னுமாக மொத்தம் ஆறு கதைகளுக்காக அவர் கூண்டில் ஏறினார்.

சினிமா வருமானம் நின்றது. வீட்டில் மனைவியும் மூன்று பெண் குழந்தைகளும். ஒரு கதையை எழுதிப் பத்திரிகை ஆபீசில் கொடுத்துக் கிடைக்கிற சில ரூபாயை மதுக்கடையில் கொடுத்துவிட்டு வெறுங்கையோடு வீடு திரும்பிய நாட்கள் உண்டு. 1950-களின் தொடக்கத்தில் ஒரு தடவைக்கு மேல் லாகூர் மனநோய் ஆஸ்பத்திரியில் சேர்க்கப்பட்டார். குடியை மறக்கச் செய்யும் சிகிச்சை அப்போது அங்கேதான் நடந்தது. வெளியே வருவார், சில காலம் தொடாமல் இருப்பார், மறுபடி விழுவார்.

வேடம் போட்டு நடித்தவர் இப்போது உண்மையிலேயே அந்தச் சுவர்களுக்குள் இருந்தார். கைதிகளைப்போல் நடத்தப்பட்டவர்களைக் கிட்ட இருந்து பார்த்தார்.

நோயாளிகள் பரிமாற்றம்

அந்த ஆஸ்பத்திரிக்கு ஒரு சரித்திரம் இருந்தது. பிரிவினைக்குப் பிறகு இரு அரசாங்கங்களும் நிலம், பணம், கைதிகள் என்று பங்கு போட்டுக்கொண்டபோது மனநோயாளிகளையும் பங்கு போட்டன. 1950-ல் லாகூரில் இருந்த சுமார் 450 இந்து, சீக்கிய நோயாளிகள் இந்தியாவுக்கு அனுப்பப்பட்டார்கள். அமிர்தசரசில் அவர்களுக்கு இடம் ஏற்பாடாயிற்று. ஒரு பகுதியினர் தொலைவில் உள்ள ராஞ்சிக்குப் போனார்கள். இங்கிருந்து முஸ்லிம் நோயாளிகள் அந்தப் பக்கம் போனார்கள். அவர்களில் யாரிடமும் சம்மதம் கேட்டதாகத் தெரியவில்லை.

இதை வைத்துத்தான் 'டோபா டேக் சிங்' கதையை மண்ட்டோ எழுதினார். டோபா டேக் சிங் என்பது பாகிஸ்தான் பஞ்சாபில் இன்றும் உள்ள ஊர். அந்த ஊர் நிலச்சுவான்தாரான பிஷன் சிங்கை, மனம் பேதலித்தபோது சொந்தக்காரர்களே இரும்புச் சங்கிலியில் கட்டிக் கொண்டு வந்து ஆஸ்பத்திரியில் விட்டார்கள். பதினைந்து ஆண்டாக அவர் படுக்கவே இல்லை. நின்றபடியே இருந்து பாதம் வீங்கிவிட்டது. பேசினால் பல மொழி கலந்த, பொருள் இல்லாத ஒரே வாக்கியம். ஆனால் மாதம் ஒரு முறை வீட்டார் வரும் நாள் மட்டும் அவருக்குத் தானாகத் தெரியும். சோப்புப் போட்டுக் குளித்து, எண்ணெய் தடவித் தலை வாரிக்கொள்வார்.

இந்த இடத்தில்தான் மண்ட்டோ மற்றவர்களில் இருந்து வேறுபடுகிறார். அவருடைய பைத்தியம் வேடிக்கைப் பொருள் அல்ல, ஞானியும் அல்ல. தலை வாரிக்கொண்டு வீட்டாருக்காகக் காத்திருக்கும் ஒரு தகப்பன். பிரிவினைக்குப் பிறகு யாரும் வரவில்லை. கடைசியில் பழைய முஸ்லிம் நண்பர் பசல் தீன் வருகிறார். எல்லோரும் பத்திரமாக இந்தியா போய்விட்டார்கள் என்கிறார். மகள் பெயர் வரும்போது மட்டும் தயங்குகிறார். பேச்சை மாற்றி எருமைகள் கன்று போட்ட செய்தியைச் சொல்கிறார். அந்தப் பெண்ணுக்கு என்ன நடந்தது என்று மண்ட்டோ எழுதவே இல்லை.

கதையில் சிரிப்பும் உண்டு. ஒருவர் மரத்தில் ஏறிக்கொண்டு இரண்டு நாடும் வேண்டாம், மரமே போதும் என்று அடம் பிடிக்கிறார். தன்னைத் தலைவராக நினைத்துக்கொண்ட இருவரை ஆபத்தானவர்கள் என்று தனி அறையில் பூட்டுகிறார்கள். தூக்குத் தண்டனையில் இருந்து தப்பிக்க லஞ்சம் கொடுத்து உள்ளே வந்த கொலைகாரர்களும் இருக்கிறார்கள். தாங்கள் நிற்கும் இடம் எப்படித் திடீரென்று வேறு நாடாகும் என்று நோயாளிகள் கேட்கிறார்கள். காவலர்களுக்கே விடை தெரியவில்லை. வாகா எல்லையில் தன் ஊர் பாகிஸ்தானில் இருப்பதை அறிந்த பிஷன் சிங் நகர மறுக்கிறார். விடியும் நேரத்தில் ஒரு கூச்சல். பதினைந்து ஆண்டு நின்றவர் இரண்டு முள்வேலிகளுக்கும் நடுவில் முகம் குப்புறக் கிடக்கிறார்.

பெங்களூர் நிம்ஹான்ஸ் மனநல நிறுவனத்தின் சஞ்சீவ் ஜெயின் போன்ற டாக்டர்கள் பிற்காலத்தில் அந்தப் பரிமாற்றத்தை ஆவணங்களோடு ஆராய்ந்தார்கள். பிரிவினை மனித மனங்களை என்ன செய்தது என்பது பற்றி 2018-ல் அவர்கள் புத்தகம் கொண்டு வந்தார்கள். மருத்துவர்கள் நீண்ட காலம் பேசாமல் விட்ட விஷயத்தை ஒரு கதாசிரியர் பேசி இருந்தார். தமிழிலும் ராமாநுஜம் மொழிபெயர்ப்பில் மண்ட்டோ கதைகளைப் படிக்கலாம்.

கல்லீரல் கெட்டு, 1955-ம் ஆண்டு ஜனவரி 18-ந் தேதி லாகூரில் மண்ட்டோ காலமானார். வயது 42. பாகிஸ்தான் அரசு 2012-ல் உயர்ந்த விருதான நிஷான்-இ-இம்தியாசை அவருக்கு அளித்தது. தன் கல்லறையில் பொறிக்க வேண்டிய வாசகத்தை இறப்பதற்கு ஐந்து மாதம் முன்பே அவர் எழுதி வைத்திருந்தார். கதை எழுதுவதில் பெரியவர் கடவுளா, தானா என்று கேட்கும் வாசகம் அது. வீண் வம்பு வரும் என்று பயந்த குடும்பத்தார் அதைப் பொறிக்கவில்லை. லாகூர் மியானி சாகிப் இடுகாட்டில் அவர் தலைமாட்டுக் கல்லில் இருப்பது வேறு வரிகள்.