ஆட்டக்காரர் மேனேஜர் ஆனபோது: யார் இந்த கோட்டா ராமசாமி?

கோடை வந்தால் போதும், தஞ்சாவூர், கும்பகோணம், மன்னார்குடி பக்கம் அறுவடை முடிந்த வயலெல்லாம் கிரிக்கெட் மைதானம்தான். மேட்டூர் திறந்து ஆத்துல தண்ணி வரும்வரை ஆட்டம் ஓடும். ஒவ்வொரு ஊர் டீமிலும் ஓர் அண்ணன் இருப்பார். ஒரு காலத்தில் நன்றாக ஆடியவர், இப்போது ஆடுவதில்லை. டோர்னமென்டுக்குப் பணம் வசூலிப்பது, வேன் பிடிப்பது, சண்டை வந்தால் விலக்கிவிடுவது எல்லாம் அவர்தான். ஸ்கோர் நோட்டில் மட்டும் அவர் பேர் இருக்காது.

இந்திய அணிக்கே ஒருமுறை அப்படி ஓர் அண்ணனாகப் போன சென்னைக்காரர் கோட்டா ராமசாமி.

யார் இவர்?

1896 ஜூன் 16-ல் பிறந்தவர். சென்னையில் இந்தியர்களுக்கென்று கிரிக்கெட் கிளப் தொடங்கிய புச்சி பாபு நாயுடுவின் மகன். இன்றும் தமிழ்நாட்டில் புச்சி பாபு கோப்பை நடக்கிறதே, அதே புச்சி பாபுதான். அப்பா 1908-ல் இறந்தபோது ராமசாமிக்கு வயது 12.

கேம்பிரிட்ஜில் படித்த காலத்தில் முதலில் பேர் வாங்கியது டென்னிஸில். 1922-ல் டேவிஸ் கோப்பையில் இந்தியாவுக்காக ஆடினார். கிரிக்கெட்டில் இடது கை பேட்ஸ்மேன். ஆனால் டெஸ்ட் வாய்ப்பு வந்தபோது அவருக்கு 40 வயசு ஆகிவிட்டது.

1936-ல் என்ன நடந்தது?

அந்த இங்கிலாந்து பயணம் இந்திய அணிக்கு ஒரு கெட்ட கனவு. கேப்டன் விஸ்ஸி என்கிற விஜயநகரம் மகாராஜகுமார். மேனேஜர் மேஜர் பிரிட்டன் ஜோன்ஸ். அணிக்குள் கோஷ்டி. நல்ல ஃபார்மில் இருந்த லாலா அமர்நாத்தை, ஒழுங்கு நடவடிக்கை என்று சொல்லி முதல் டெஸ்டுக்கு முன்பே ஊருக்கு அனுப்பிவிட்டார்கள். பிறகு இதை விசாரித்த குழு குறை கண்டது அமர்நாத்திடம் அல்ல, விஸ்ஸியின் தலைமையிடம்.

இந்தக் குழப்பத்துக்கு நடுவில்தான் ராமசாமிக்கு இரண்டாவது டெஸ்டில் இடம் கிடைத்தது. மான்செஸ்டரில் 40, 60. விஜய் மெர்ச்சன்டும் முஷ்டாக் அலியும் முதல் விக்கெட்டுக்கு 203 ரன் சேர்த்த அந்த மேட்ச் டிரா ஆனது. தொடரில் இந்தியா தோற்காத ஒரே டெஸ்ட் அதுதான். அடுத்து ஓவலில் 29, ஆட்டமிழக்காமல் 41. அதோடு அவருடைய டெஸ்ட் வாழ்க்கை முடிந்தது. மொத்தம் 2 டெஸ்ட், 170 ரன், சராசரி 56.66.

மேனேஜராக எங்கே போனார்?

1952-ல் இங்கிலாந்தில் இந்தியா 3-0 என்று தோற்றது. லீட்ஸில் இரண்டாவது இன்னிங்ஸில் ஒரு ரன்கூட எடுக்காமல் 4 விக்கெட் போனதை அந்தத் தலைமுறை மறக்கவே இல்லை. சில மாதங்களில், 1953 ஜனவரியில், முதல்முறையாக மேற்கிந்தியத் தீவுகளில் டெஸ்ட் ஆடவேண்டும். கேப்டன் விஜய் ஹசாரே. மேனேஜராக அனுப்பப்பட்டவர் ராமசாமி.

இப்போ மாதிரி பவுலிங் கோச், பிசியோ என்று தனித்தனி ஆட்கள் அப்போது கிடையாது. தீவுக்குத் தீவு பயணம், தங்குமிடம், கணக்கு வழக்கு, வீரர்களின் மனக்கசப்பு என எல்லாமே மேனேஜர் தலையில்தான் விழும். எதிரணியிலோ வாரல், வீக்ஸ், வால்காட் என்ற மூன்று மலைகள்.

ஐந்து டெஸ்டில் பிரிட்ஜ்டவுனில் மட்டும் தோல்வி. மற்ற நான்கும் டிரா. பாலி உம்ரிகர் 560 ரன் குவித்தார், சுபாஷ் குப்தே 27 விக்கெட் எடுத்தார். கிங்ஸ்டனில் பங்கஜ் ராய் 150, மஞ்ச்ரேக்கர் 118. அணியின் ஃபீல்டிங்கைப் பார்த்து அங்கிருந்தவர்கள் அசந்துபோனார்கள்.

இதெல்லாம் மேனேஜரின் சாதனையா என்று கேட்டால், இல்லை. ரன் எடுத்தது, விக்கெட் வீழ்த்தியது எல்லாம் வீரர்கள்தான். ஆனால் உள்ளுக்குள் உடைந்துகிடக்கும் அணி என்ன ஆகும் என்பதை 1936-ல் கூடவே இருந்து பார்த்தவர் ராமசாமி. அவர் பொறுப்பில் போன அணியில் இன்னொரு அமர்நாத் விவகாரம் வரவில்லை. நல்ல மேனேஜரின் வேலை பெரும்பாலும் இப்படித்தான், நடக்காமல் போனவற்றில் இருக்கும்.

அதன் பிறகு?

தேசிய அணித் தேர்வாளராகவும் இருந்தார். 1966-ல் ஆங்கிலத்தில் தன் விளையாட்டு நினைவுகளைப் புத்தகமாக்கினார்.

1985 அக்டோபரில், 89 வயதில், சென்னை அடையாறு வீட்டிலிருந்து வெளியே போனார். திரும்பவே இல்லை. எங்கே போனார், என்ன ஆனார் என்பது கடைசிவரை தெரியவில்லை. இறந்திருக்கலாம் என்றே கிரிக்கெட் பதிவேடுகள் குறித்து வைத்திருக்கின்றன.

அவர் ஆடிய நான்கு இன்னிங்ஸும் பதிவேட்டில் பத்திரமாக இருக்கின்றன. 1953-ன் ஐந்து ஸ்கோர் கார்டுகளையும் புரட்டிப் பாருங்கள், ராமசாமி என்ற பேர் எந்த வரியிலும் இருக்காது.