கடல் தாண்டத் தாயின் சம்மதம் தேடிய ராமானுஜன்

1914-ஆம் ஆண்டு வாக்கில் தஞ்சை மாவட்டத்து ஏழைகள் நாகப்பட்டினத்தில் கப்பலேறி, பினாங்கில் இறங்கி, புக்கிட் மெர்தாஜாம் வட்டாரத் தோட்டங்கள் வரை வந்துகொண்டிருந்தார்கள். பசி துரத்தியவர்களுக்குச் சாத்திரம் பார்க்க நேரமில்லை. அதே மாவட்டத்தின் கும்பகோணத்தில் வளர்ந்த ஓர் ஐயங்கார் வாலிபருக்கோ கடல் தாண்டுவது பெரும் பாவம். அவர்தான் கணித மேதை சீனிவாச ராமானுஜன்.

தந்தை துணிக்கடைக் கணக்கர். கணக்கைத் தவிர வேறு பாடத்தைத் தொடாததால் மகன் இரண்டு கல்லூரிகளில் தேர்ச்சி பெறவில்லை. 1909-இல் தாயார் கோமளத்தம்மாள் பத்து வயது ஜானகியை அவருக்கு மணம் முடித்து வைத்தார். இனி வேலை தேடியாக வேண்டும். 1912-இல் சென்னைத் துறைமுகத்தில் 30 ரூபாய்ச் சம்பளத்தில் குமாஸ்தாவானார்.

மறு ஆண்டு அவர் எழுதிய கடிதத்தைப் படித்துத் திகைத்த கேம்பிரிட்ஜ் பேராசிரியர் ஹார்டி, உடனே வரச் சொன்னார். ராமானுஜன் மறுத்துவிட்டார். ஆசை இல்லாமலா? தாயின் சொல்லை மீற மனமில்லை. நாமகிரித் தாயார் கனவில் வந்து மகனைத் தடுக்காதே என்று கட்டளையிட்டதாகத் தாயார் சொன்ன பிறகே வழி திறந்தது என்பார்கள். கனவோ, பெற்ற மனம் இரங்கியதோ, 1914 மார்ச் 17-இல் கப்பல் புறப்பட்டது. குடுமி எடுத்த கோலத்தை வீட்டார் பார்க்க வேண்டாம் என்று தாயையும் மனைவியையும் முன்னதாகவே ஊருக்கு அனுப்பிவிட்டார்.

உதவித் தொகையில் ஒரு பகுதி பெற்றோருக்குப் போய்ச் சேர ஏற்பாடு செய்திருந்தார். ஆனால் வீட்டில் மாமியாருக்கும் மருமகளுக்கும் ஒத்துப்போகவில்லை. ஜானகி எழுதிய கடிதங்கள் கணவர் கைக்குச் சேராமல் தடுக்கப்பட்டன. உலகப் போர், குளிர், சைவ உணவுக்குத் தட்டுப்பாடு. அவற்றோடு மனைவியின் மௌனமும் சேர்ந்துகொண்டது. 1918-இல் ராயல் சொசைட்டி உறுப்பினர் என்ற பெருமை வந்தபோது அவர் நோயாளி.

1919 மார்ச்சில் பம்பாயில் இறங்கியவரை வரவேற்கத் தாயாரும் தம்பியும் வந்திருந்தனர். ஜானகி எங்கே என்றுதான் அவர் முதலில் கேட்டார். பிறகு ஜானகி வந்து சேர்ந்தார். கடைசி ஓராண்டு கூடவே இருந்து பணிவிடை செய்தார். படுக்கையிலும் கணிதம் நிற்கவில்லை. 1920 ஏப்ரல் 26-இல் ராமானுஜன் சென்னையில் காலமானார், வயது 32. இருபத்தொரு வயதில் விதவையான ஜானகி, தையல் கற்றுச் சொந்தக் காலில் நின்று, 1994 வரை வாழ்ந்தார்.