ஏட்டில் உறங்கிய யாழ்

1935ஆம் ஆண்டில் அமெரிக்காவில் ‘பில்போர்டு ஃபிராலிக்ஸ்’ என்னும் இசைக் கேலிச்சித்திரப் படமொன்று வெளிவந்தது. விளம்பரப் பலகைகளில் தீட்டப்பெற்ற உருவங்கள் உயிர்பெற்று ஆடிப்பாடுவதே அதன் பொருள். சில நிமிட நேர வேடிக்கை அது. ஏட்டிலும் கல்லிலும் வாய்மூடிக் கிடந்த ஓர் இசைக்கருவியை மெய்யாகவே பாடவைக்க முனைந்தார், மட்டக்களப்பு மண்ணிற் பிறந்த ஒரு தமிழர். அவரே விபுலாநந்த அடிகள்.

மட்டக்களப்புக்குத் தெற்கேயுள்ள காரைதீவில் 1892 மார்ச் 27ஆம் நாள் பிறந்த அவருக்குப் பெற்றோர் இட்ட பெயர் மயில்வாகனன். 1916இல் மதுரைத் தமிழ்ச் சங்கத்தின் பண்டிதர் தேர்விலே தேறினார். இலண்டன் பல்கலைக்கழகத்தின் விஞ்ஞானப் பட்டமும் பெற்றார். 1924இல் துறவு பூண்டு, இராமகிருஷ்ண சங்கத்துத் துறவியானார். 1931இல் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்திலும், 1943இல் இலங்கைப் பல்கலைக்கழகத்திலும் தமிழ்ப் பேராசிரியரானார்.

மட்டக்களப்பு வாவியில், நிலவு காயும் இரவுகளில் நீருக்கடியிலிருந்து மெல்லிய இசை எழும். தோணியிலிருந்து துடுப்பின் ஒரு முனையை நீரில் வைத்து, மறுமுனையிற் காதை வைத்து அதனைக் கேட்பர். மீன் பாடுகிறதென்பது ஊர்வழக்கு. அவ்வொலியை நீரரமகளிர் பாட்டாகக் கற்பனை செய்து அடிகள் கவி புனைந்தார். மறைந்திருக்கும் இசைக்குச் செவிகொடுக்கும் அப்பழக்கமே அவரது ஆராய்ச்சியிலும் தொடர்ந்தது எனலாம்.

சிலப்பதிகாரத்து அரங்கேற்று காதையில் யாழின் இலக்கணம் விரிவாக உண்டு. ஆயினும் கருவி வழக்கொழிந்து போயிற்று. சொல் நின்றது, ஒலி போயிற்று. தமிழும் கணிதமும் ஒருங்கே கற்ற அடிகள் பழைய உரைகளையும் சிற்பங்களையும் ஒப்புநோக்கினார். நரம்பின் நீளம் குறையுந்தோறும் சுருதி உயரும். அவ்விகிதங்களைக் கணக்கிட்டு, ஏழிசைக்கும் இருபத்திரண்டு அலகுகளுக்கும் நிலை கண்டார். பல்லாண்டு உழைப்பின் பயனே ‘யாழ் நூல்’.

1947 ஜூன் மாதத்தில், சோழநாட்டுத் திருக்கொள்ளம்பூதூர்த் திருக்கோயிலில், கரந்தைத் தமிழ்ச் சங்கத்தின் ஆதரவில் அந்நூல் அரங்கேறியது. அடிகளோ உடல் நலிந்திருந்தார். ஆய்வின் வழியே செய்யப்பெற்ற யாழ் அங்கே இசைக்கப்பெற்றது. அடுத்த மாதம், ஜூலை 19ஆம் நாள், அவர் மறைந்தார். அவர் 1929இல் கல்லடி உப்போடையில் நிறுவிய சிவாநந்த வித்தியாலய வளவிலேயே அடக்கம் பெற்றார்.

அன்று எழுந்த ஒலிதான் சங்ககாலத்து யாழொலியோவென ஐயுறுவார் இருக்கலாம். ஐயுறுவதற்கும் ஒரு யாழ் வேண்டுமன்றோ? அதனை நமக்குத் தந்து சென்றவர் அடிகளே.